செஸ் பலகையிலிருந்து ஒற்று வேலைக்கு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கோபிக்குப் பக்கத்தில் ஒரு நூலக வராந்தாவில் ஞாயிற்றுக்கிழமை காலையில் பிள்ளைகளுக்கு செஸ் சொல்லிக்கொடுக்கிறேன். வருஷத்தில் ஒரு நாள் பலகையை ஓரமாக வைத்துவிட்டு, இரண்டாம் உலகப் போரில் எதிரியின் ரகசியச் செய்திகளை உடைக்கப் போன செஸ் ஆட்டக்காரர்களின் கதையைச் சொல்வது வழக்கம். அன்றைக்குப் பிள்ளைகளைவிடப் பெற்றோர்தான் அதிகம் கேட்கிறார்கள். அப்புறம் வாரக்கணக்கில் போனிலும் கேட்கிறார்கள். அந்தக் கேள்விகளையும் என் பதில்களையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

ஏனுங், யார் அந்த ஆட்டக்காரர்?

ஹ்யூ அலெக்சாண்டர். 1909இல் அயர்லாந்தின் கார்க் நகரத்தில் பிறந்தவர். அப்பா பொறியியல் பேராசிரியர். பையனுக்குப் பதினொரு வயதாகும்போது அப்பா இறந்துவிட, குடும்பம் இங்கிலாந்துக்குப் போய்விட்டது. கேம்பிரிட்ஜில் கணிதம் படித்தார். பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராகச் சில வருஷம், பிறகு ஒரு பெரிய கடை நிறுவனத்தில் ஆராய்ச்சிப் பிரிவில் வேலை. 1938இல் பிரிட்டன் சாம்பியன். அந்த வருஷம் முடிந்த ஹேஸ்டிங்ஸ் போட்டியில், உலகின் முன்னணி ஆட்டக்காரர்களில் ஒருவரான பால் கேரஸோடு இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டார். கேரஸ் யாரென்று தெரிந்தவர்களுக்கு இந்த ஒரு வரியே போதும்.

அவரோடு இன்னும் இரண்டு பேர்: ஸ்டூவர்ட் மில்னர்-பேரி, ஹாரி கொலம்பெக். மூன்று பேரும் இங்கிலாந்து அணியில் ஆடியவர்கள். ஆனால் நான் அதிகம் பேசப்போவது அலெக்சாண்டரைப் பற்றித்தான். அவர் கொடுத்த விலை மற்ற இருவருக்கும் நேராதது.

செஸ் ஆடுகிறவரை எப்படி இந்த வேலைக்குக் கூப்பிட்டார்கள்?

1939 ஆகஸ்ட். அர்ஜென்டினாவின் புவனோஸ் ஐரிஸில் செஸ் ஒலிம்பியாட். ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே, செப்டம்பர் 1ஆம் தேதி ஜெர்மனி போலந்துக்குள் நுழைகிறது. 3ஆம் தேதி பிரிட்டன் போர் அறிவிக்கிறது. அந்த அரங்கத்தை நினைத்துப் பாருங்கள். போலந்துக்காரரும் ஜெர்மன்காரரும் ஒரே கூரையின் கீழ் காய் நகர்த்திக்கொண்டிருக்கிறார்கள், வெளியே அவர்களுடைய நாடுகள் சண்டையில் இருக்கின்றன. பலர் அங்கேயே தங்கிவிட்டார்கள். போலந்தின் மிகேல் நாஜ்தோர்ஃப் அப்படித் தங்கியவர். ஊரில் விட்டுவந்த குடும்பத்தை அவர் மறுபடி பார்க்கவில்லை.

இங்கிலாந்து அணி இறுதிச் சுற்றிலிருந்து விலகிக் கப்பல் ஏறியது. ஊர் திரும்பிய சில மாதங்களில் மில்னர்-பேரிக்கு அழைப்பு வந்தது. கூப்பிட்டவர் கார்டன் வெல்ச்மன் என்ற கணிதக்காரர், கேம்பிரிட்ஜில் அவருக்கு நண்பர். மில்னர்-பேரி தன் பங்குக்கு அலெக்சாண்டரைக் கூப்பிட்டார். விளம்பரமும் இல்லை, பரீட்சையும் இல்லை. நம் ஊரில் தறிக்கு ஆள் சேர்க்கிற மாதிரிதான், தெரிந்தவர் தெரிந்தவரைக் கூட்டி வந்தார். 1940 பிப்ரவரியில் அலெக்சாண்டர், எதிரியின் ரகசியச் செய்திகளை உடைக்கும் இடமான பிளெட்ச்லி பார்க் போய்ச் சேர்ந்தார். லண்டனுக்கு வடமேற்கே ஒரு பழைய பங்களா, அதன் தோட்டத்தில் மரக் கொட்டகைகள். நம்ம பக்கம் தோட்டத்துச் சாளை என்போமே, ஏறக்குறைய அப்படி. 6ஆம் கொட்டகையில் தரைப்படை, விமானப்படைச் செய்திகள். 8ஆம் கொட்டகையில் கடற்படைச் செய்திகள். அலெக்சாண்டர் முதலில் 6இல் இருந்தார், 1941இல் 8க்கு மாறினார்.

இது ஒற்று வேலையா? துப்பாக்கி, மாறுவேஷம் ஒன்றும் இல்லையே?

ஒற்று வேலைதான். எதிரி பேசுவதை அவனுக்குத் தெரியாமல் கேட்டு, அதை உண்மையா என்று சோதித்து, உரியவர் கையில் சேர்ப்பதுதான் ஒற்று. காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு ஒருவர் வானொலியில் வருகிற எழுத்துகளைக் குறித்துக்கொள்கிறார். அந்தத் தாள் கொட்டகைக்கு வருகிறது. அங்கே உட்கார்ந்திருப்பவர் அதைப் படிக்க வழி தேடுகிறார். ஒற்றன் கொண்டுவந்த சேதியை வேறொரு ஒற்றனை விட்டுச் சரிபார் என்று வள்ளுவரே சொல்லியிருக்கிறார். அந்தச் சரிபார்ப்புதான் இங்கே பாதி வேலை.

அந்தச் சங்கேதத்தை எப்படி உடைத்தார்கள்? கணக்கு தெரியாதவருக்கும் புரியுமா?

புரியும். ஒரு தாளும் பென்சிலும் எடுத்துக்கொள்ளுங்கள்.

ஜெர்மானியர் வைத்திருந்த எந்திரத்தின் பெயர் எனிக்மா. பார்க்க டைப்ரைட்டர் மாதிரி இருக்கும். ஒரு எழுத்தை அழுத்தினால் உள்ளே சக்கரங்கள் வழியாக மின்சாரம் ஓடி, வேறொரு எழுத்துக்கு மேலே விளக்கு எரியும். ஒவ்வொரு அழுத்தத்துக்கும் சக்கரம் நகர்ந்துவிடும். அதனால் அதே எழுத்தை மறுபடி அழுத்தினாலும் வேறு விளக்கு எரியலாம். எந்திரத்தைப் பூட்டிவைக்கக்கூடிய விதங்கள் எத்தனை என்றால், தரைப்படை எந்திரத்துக்குச் சுமார் 159 என்று எழுதி அதன் பின்னால் 18 சுழியம் போட வேண்டும். ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்க்க ஆயுள் போதாது.

ஆனால் எந்திரத்துக்கு ஒரு குறை இருந்தது. அழுத்திய எழுத்து ஒருபோதும் அதே எழுத்தாக வெளியே வராது. இதைப் பாதுகாப்பு என்று செய்தவன் நினைத்திருக்கலாம். உடைக்க வந்தவனுக்கு இதுதான் சாவி.

தமிழில் ஒரு உதாரணம் போடுகிறேன், வகுப்பிலும் இதைத்தான் போடுவேன். எதிரி தினமும் வானிலை அறிக்கை அனுப்புகிறான். அதில் 'மழையில்லை' என்ற சொல் இருக்கும் என்று ஊகிக்கிறோம். ஐந்து எழுத்து: ம, ழை, யி, ல், லை. நமக்குக் கிடைத்த சங்கேதத் தாளில் எட்டு எழுத்து:

க – ழை – ம – ர – ல் – பு – தி – ணை

ஊகித்த சொல்லை இதன் அடியில் வைத்து நகர்த்துங்கள். முதல் இடத்தில் வைத்தால் 'ழை'க்கு நேர் கீழே 'ழை' வருகிறது. அப்படி வரவே முடியாது, அந்த இடம் அவுட். ஒரு எழுத்து தள்ளி வையுங்கள். இப்போது 'ல்'லுக்குக் கீழே 'ல்'. அவுட். இன்னொரு எழுத்து தள்ளினால் 'ம'வுக்குக் கீழே 'ம'. அதுவும் அவுட். நான்காவது இடத்தில் வைத்தால் எதுவும் மோதவில்லை. சொல் இந்தத் தாளில் இருந்தால், அது அங்கேதான் இருக்க வேண்டும்.

எந்திரத்தைத் தொடாமலே நான்கில் மூன்று வழியை அடைத்துவிட்டோம். மிஞ்சியதை 'பாம்ப்' என்ற பெரிய மின் எந்திரத்துக்குக் கொடுப்பார்கள். அது சக்கர நிலைகளைச் சுற்றிச் சுற்றிப் பார்த்து, முரண்படுகிறவற்றைத் தள்ளி, முரண்படாத சிலவற்றை நீட்டும். 'குறிப்பிடும்படி ஒன்றுமில்லை' என்று தினமும் ஒரே வாசகத்தை அனுப்பிக்கொண்டிருந்த சோம்பேறித்தனம் எதிரியை நிறைய இடத்தில் காட்டிக்கொடுத்தது.

அதில் செஸ் எங்கே வந்தது? அது வெறும் கணக்குத்தானே?

இந்தக் கேள்விக்கு ஒரு நாள் முழுக்கப் பேசுவேன்.

செஸ்ஸில் ஒளிவுமறைவு கிடையாது. இரண்டு பேருடைய காயும் பலகைமேல் தெரிகிறது. ரகசியத்தைக் கண்டுபிடிக்க அது பயிற்சி தராது என்று ஒருவர் வாதாடினால் ஒப்புக்கொள்வேன். செஸ் பழக்குவது வேறு ஒன்றை. 'இந்த நகர்த்தல் ஜெயிக்கும்' என்று மனசுக்குத் தோன்றியதும் நல்ல ஆட்டக்காரர் காயைத் தொட மாட்டார். எதிராளியின் பக்கம் போய் உட்கார்ந்து, தன் யோசனையைத் தானே அடித்து உடைக்கப் பார்ப்பார். உடைந்தால் வருத்தப்படாமல் தூக்கிப்போட்டு அடுத்ததை எடுப்பார். இருபது நிமிஷம் ஆசையாகக் கட்டிய திட்டத்தை ஒரு நொடியில் கைவிடுவது எவ்வளவு கஷ்டம் என்று ஆடிப் பார்த்தவருக்குத் தெரியும். கொட்டகையில் ஒரு நாளைக்குப் பத்து முறை அதைத்தான் செய்ய வேண்டியிருந்தது. ஊகித்த சொல்மேல் காதல் வந்துவிட்டால் ஒரு ராத்திரி போச்சு.

நம்ம ஆடுபுலியில் இன்னும் நன்றாகப் புரியும். மூன்று புலி, பதினைந்து ஆடு. ஆட்டுக்கு வெட்டுகிற உரிமை இல்லை. புலியின் வழியை ஒவ்வொன்றாக அடைப்பது ஒன்றே அதற்குத் தெரிந்த வித்தை. என் அப்பாரு திண்ணையில் சுண்ணாம்பால் கோடு இழுத்து எப்போதும் ஆட்டுப் பக்கம்தான் ஆடுவார். வந்த புதிதில் நான் ஆட்டை வேகவேகமாக இறக்கித் தோற்பேன். "புலி எங்க இருக்குதுன்னு பாக்காத கண்ணு, எங்க போகமுடியாதுன்னு பாரு" என்பார். மேலே 'மழையில்லை'யை நகர்த்தினோமே, அது இதேதான்.

அலெக்சாண்டருக்கு எதில் கை தேர்ந்தது?

கடற்படை எனிக்மா மற்றதைவிடக் கடினம். அதற்காக அங்கே இருந்த கணித மேதை ஆலன் டூரிங் ஒரு முறை வகுத்திருந்தார். சென்னிமலையில் தறிமேல் தொங்குகிற ஜக்கார்டு அட்டையைப் பார்த்திருப்பீர்கள், வரிசையாக ஓட்டை குத்தியிருக்கும். அதைப்போல நீளமான காகிதங்களில் ஒவ்வொரு செய்தியின் எழுத்துக்கும் ஓட்டை குத்துவார்கள். ஒன்றின் மேல் ஒன்றை வைத்து மெல்ல நகர்த்தி, எத்தனை ஓட்டை நேருக்கு நேர் வருகிறது என்று எண்ணுவார்கள். தற்செயலாக வருவதைவிட அதிகமாக வந்தால் இரண்டு செய்திக்கும் உறவு இருக்க வாய்ப்பு உண்டு. எவ்வளவு வாய்ப்பு என்பதற்கு மதிப்பெண் போட்டுக் கூட்டிக்கொண்டே போவார்கள். இதனால் எந்தெந்தச் சக்கரம் மாட்டியிருக்கிறது என்ற சந்தேகம் குறையும், 'பாம்ப்' எந்திரத்தின் நேரம் மிச்சமாகும்.

இந்த வேலையில் அலெக்சாண்டருக்கு நிகர் அங்கே இல்லை. டூரிங் புதுவழி கண்டுபிடிப்பவர், நிர்வாகத்தில் நாட்டமில்லாதவர். அலெக்சாண்டரோ ஆள்களைத் தட்டிக்கொடுத்து வேலை வாங்கத் தெரிந்தவர். 1942 நவம்பரில் 8ஆம் கொட்டகைக்கு அவரே தலைவரானார்.

தோல்வியே வரவில்லையா?

வந்தது. 1942 பிப்ரவரியில் ஜெர்மன் நீர்மூழ்கிகள் எந்திரத்தில் நான்காவது சக்கரம் ஒன்றைச் சேர்த்தன. கொட்டகை குருடாகிவிட்டது. ஏறக்குறைய பத்து மாதம் அந்தச் செய்திகளைப் படிக்க முடியவில்லை, அட்லாண்டிக்கில் கப்பல் கப்பலாக மூழ்கின. அக்டோபர் 30ஆம் தேதி மத்தியதரைக் கடலில் யூ-559 என்ற நீர்மூழ்கி தாக்கப்பட்டது. அது மூழ்கிக்கொண்டிருக்கும்போதே டோனி ஃபாசன், காலின் கிரேஸியர் என்ற இரண்டு பிரிட்டிஷ் மாலுமிகள் உள்ளே இறங்கி ரகசியக் குறியீட்டுப் புத்தகங்களை எடுத்து மேலே கொடுத்தார்கள். அவர்கள் மேலே வரவில்லை. அந்தப் புத்தகங்களை வைத்துத்தான் டிசம்பரில் கொட்டகைக்குப் பார்வை திரும்பியது. கூர்மையான புத்தி இருந்தால் எல்லாம் உடையும் என்று நினைக்கிற பிள்ளைகளுக்கு இந்த இரண்டு பெயரையும் கட்டாயம் எழுதிப்போடுவேன்.

டூரிங்தானே எல்லாம் செய்தார் என்கிறார்களே?

இல்லை. எனிக்மாவை முதலில் உடைத்தவர்கள் மூன்று போலந்துக் கணிதக்காரர்கள்: ரெயெவ்ஸ்கி, ருஜிட்ஸ்கி, ஜிகால்ஸ்கி. 1932 கடைசியிலேயே உடைத்துவிட்டார்கள். போர் தொடங்க ஒரு மாதம் இருக்கும்போது, 1939 ஜூலையில், கையில் இருந்ததை எல்லாம் பிரிட்டனுக்கும் பிரான்சுக்கும் கொடுத்தார்கள். பிளெட்ச்லியில் வேலை பார்த்த ஆயிரக்கணக்கானவரில் நாலில் மூன்று பங்கு பெண்கள். 8ஆம் கொட்டகையில் இருந்த ஜோன் கிளார்க் 1944இல் அதன் துணைத் தலைவரானார். எங்கள் வகுப்பில் பெண் பிள்ளைகள் குறைவு. அதனால் இதை இரண்டு முறை சொல்வேன்.

சர்ச்சிலுக்கே கடிதம் எழுதினார்களாமே?

ஆமாம். 1941 அக்டோபரில் டைப் அடிக்கவும் எந்திரம் பார்க்கவும் ஆள் போதவில்லை. மேலிடத்தில் கேட்டுக் கேட்டுச் சலித்துப்போய் டூரிங், வெல்ச்மன், அலெக்சாண்டர், மில்னர்-பேரி நான்கு பேரும் கையெழுத்துப் போட்டு நேராகப் பிரதமருக்கு எழுதிவிட்டார்கள். மில்னர்-பேரி ரயிலேறி லண்டன் போய்க் கடிதத்தைப் பிரதமர் அலுவலகத்தில் தன் கையாலேயே சேர்த்தார். 'இன்றே செய்க' என்று முத்திரை குத்தி, இவர்கள் கேட்பதை எல்லாம் முதலில் கொடுங்கள் என்று சர்ச்சில் உத்தரவு போட்டார். நால்வரில் இருவர் செஸ் அணிக்காரர்கள்.

செஸ் குறிப்புகளையே ரகசியக் குறியீடாகப் பயன்படுத்தலாமா?

அந்தப் பயத்தில்தான் அமெரிக்காவின் தணிக்கைத் துறை போர்க் காலத்தில் வெளிநாட்டுக்குத் தபாலில் செஸ் ஆடுவதைத் தடை செய்தது. அது நியாயமான பயம் என்றே சொல்வேன். பள்ளி நாள்களில் நானும் கோயமுத்தூர் நண்பனும் அஞ்சலட்டையில் ஆடுவோம். 'நைட் எஃப் 3' என்று ஒரே வரி, வேறு எதுவும் இருக்காது. ஒரு நாள் தபால்காரர் சைக்கிளை நிறுத்தி, அட்டையை என்னிடம் கொடுக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டு, "இதென்ன தம்பி, பாஷை?" என்றார். பலகையை எடுத்து வந்து திண்ணையில் வைத்துக் காயை நகர்த்திக் காட்டினேன். அதற்குப் பிறகு அட்டையைத் தரும்போதே "குதிரை வந்திருக்குது" என்று சொல்லித் தருவார்.

நம்ம கொங்கு நாட்டில் ஒற்று வேலை நடந்ததில்லையா?

தீரன் சின்னமலையின் கதை முழுக்க ஒற்றுதான். கும்பினிப் படைக்குள் இருந்த வேலப்பன் செருப்புக்குள் சேதியை மறைத்து ஓடாநிலைக் கோட்டைக்கு அனுப்பினான் என்று எங்கள் பக்கம் சொல்வார்கள். கடைசியில் சமையல்காரனே காட்டிக்கொடுத்தான் என்பதும் அதே வாய்வழிக் கதைதான். 1801இல் காவிரிக்கரை, 1802இல் ஓடாநிலை, 1804இல் அரச்சலூர் என்று கும்பினியை எதிர்த்து நின்றவரை 1805இல் சங்ககிரிக் கோட்டையில் தூக்கிலிட்டார்கள். ஆடிப் பதினெட்டன்று அரச்சலூர்ப் பக்கம் போனால் இந்தக் கதையை என்னைவிட நன்றாகச் சொல்பவர்கள் கிடைப்பார்கள்.

போர் முடிந்த பிறகு அலெக்சாண்டர் செஸ்ஸுக்குத் திரும்பிவிட்டாரா?

திரும்பினார், ஆனால் பாதிதான்.

1946இல் பிரிட்டனுக்கும் சோவியத்துக்கும் வானொலி வழியே ஒரு பந்தயம் நடந்தது. அதில் போட்வின்னிக்கை ஒரு ஆட்டத்தில் ஜெயித்தார். இரண்டு வருஷத்தில் உலக சாம்பியன் ஆகப்போகிறவர் அந்தப் போட்வின்னிக். அதே 1946இல், போர்க் காலத்துச் சங்கேத நிறுவனத்தின் வாரிசான ஜி.சி.எச்.கியூ.வில் சேர்ந்தார். 1949இல் அங்கே சங்கேதம் உடைக்கும் பிரிவுக்குத் தலைவர். இப்போது எதிராளி சோவியத் நாடு. அவர் தலைக்குள் இருந்த ரகசியங்களோடு அவரைச் சோவியத் பக்கத்து நாடுகளுக்கு அனுப்ப அரசு தயாராக இல்லை.

அந்தக் காலத்தில் உலகத்தின் நல்ல செஸ் எல்லாம் அந்தப் பக்கம்தான் நடந்தது. 1956இல் மறுபடியும் பிரிட்டன் சாம்பியன் ஆனார். அதே வருஷம் ஒலிம்பியாட் மாஸ்கோவில். போர்க் காலத்துக் கூட்டாளி மில்னர்-பேரி அணியோடு போனார், ஏனென்றால் அவர் வேறு துறைக்கு மாறியிருந்தார். நாட்டின் சாம்பியன் போகவில்லை.

நாற்பத்தேழு வயதில் கையில் பட்டம் இருந்தும் உலகத்தின் சிறந்த ஆட்டக்காரர்கள் கூடுகிற மேசைக்குப் போகமுடியாத நிலை. ஏன் போகவில்லை என்று கேட்டவரிடம் காரணம் சொல்லவும் முடியாது. செஸ் கொடுத்த வேலை அவரிடமிருந்து செஸ்ஸை வாங்கிக்கொண்டது. அவர் அதைப் பொதுவில் புலம்பியதாக நான் எங்கும் படிக்கவில்லை. 1971இல் ஓய்வு பெற்றார். 1974 பிப்ரவரியில் இறந்தார். பிளெட்ச்லியில் என்ன நடந்தது என்பது அதே 1974இன் பின்பாதியில்தான் விரிவாக வெளியே வந்தது. ஊர் தன்னைக் கொண்டாடுவதை அவர் சில மாதத்தில் தவறவிட்டார்.

போன வருஷம் இதைச் சொன்னபோது முன்வரிசையில் இருந்த ஒரு அம்மிணி, ஏழாம் வகுப்பு, "வூட்ல கூடச் சொல்லலீங்களா சார்?" என்று கேட்டாள். சொல்லக் கூடாது என்று கையெழுத்துப் போட்டிருந்தார்கள் என்றேன். அவளுக்குச் சமாதானம் ஆகவில்லை. எனக்கும்தான்.

என் பையன் நன்றாக செஸ் ஆடுகிறான். இந்த மாதிரி வேலை கிடைக்குமா?

செஸ்ஸை மட்டும் பார்த்து இன்று யாரும் எடுக்கமாட்டார்கள். சங்கேதவியல் இப்போது ஆழமான கணிதம், கணினி அறிவியல். கொல்கத்தாவில் உள்ள இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தில் அதற்கென்றே எம்.டெக். படிப்பு இருக்கிறது. பன்னிரண்டாம் வகுப்பில் கணக்கை விடாமல் பிடித்துக்கொள்ளச் சொல்லுங்கள். ஆட்டமாகவே தொடர்ந்தால் அதற்கும் நம் பக்கத்திலேயே முன்மாதிரி உண்டு. ஈரோட்டு இனியன் 2019இல் கிராண்ட்மாஸ்டர் ஆனார்.

அலெக்சாண்டரின் ஆட்டம் ஒன்றை ஆடிப் பார்க்க வேண்டும். எதிலிருந்து தொடங்கலாம்?

ஹேஸ்டிங்ஸ், 1953-54. சோவியத்தின் டேவிட் பிரான்ஸ்டீன் எதிரே. உலகப் பட்டத்துக்கான பந்தயத்தில் போட்வின்னிக்கைச் சமன் செய்த ஆள் அவர். அலெக்சாண்டருக்குக் கறுப்புக் காய். 120 நகர்த்தல், நாள்கணக்கில் ஒத்திவைத்து ஒத்திவைத்து ஆடினார்கள். கடைசியில் ராணியும் சிப்பாய்களும் மிஞ்சிய ஆட்டம். திறந்த பலகையில் ராணி எங்கிருந்தும் செக் கொடுக்கும், ராஜாவுக்கு ஒளிய இடமே இல்லை. அலெக்சாண்டர் ஒவ்வொரு செக்குக்கும் ராஜாவை ஒரு கட்டம் நகர்த்தி, எதிராளிக்கு அடுத்த செக் எங்கிருந்தெல்லாம் வரும் என்று பார்த்து, அந்த வழிகளைக் குறைத்துக்கொண்டே போகிறார். ஜெயித்து, போட்டியின் முதல் இடத்தையும் பிரான்ஸ்டீனோடு பகிர்ந்துகொண்டார். பகலில் அவர் செய்துகொண்டிருந்த வேலை என்னவென்று அந்த அரங்கில் உட்கார்ந்து பார்த்த கூட்டத்துக்குத் தெரியாது.

முதல் முறை வேகமாக ஓட்டிப் பாருங்கள். அடுத்த முறை ராணிகளும் சிப்பாய்களும் மட்டும் மிஞ்சும் இடத்தில் நிறுத்தி, கறுப்பு ராஜாவை ஒவ்வொரு முறையும் எங்கே வைப்பீர்கள் என்று எழுதிவிட்டு அவர் வைத்த இடத்தைப் பாருங்கள். எங்கள் பிள்ளைகளுக்கு இதற்கு இரண்டு ஞாயிறு ஆனது.